அம்மா ஒதுங்க வைப்பதையும் படம் பிடியுங்கள்

கேள்வி: திருநெல்வேலிக்கு அருகில் உள்ள ஒரு சிற்றூரில் எங்கள் பூர்வீக வீடு இருக்கிறது. மூன்று ஆண்டுகளுக்கு முன்பு அப்பா காலமானதிலிருந்து, 68 வயதாகும் அம்மா வீட்டிலிருந்து ஒரு பொருளையும் வெளியே போட விடுவதில்லை. சாமான் அறையான அரங்கு வீடு முழுக்கப் பித்தளைப் பானைகள், எவர்சில்வர் சாமான்கள், ஹார்லிக்ஸ் பாட்டில்கள், அப்பாவின் குடைகள், கிழித்த காலண்டர்த் தாள்கள். சென்னையில் வேலை பார்க்கும் நான் மாதம் இருமுறை ஊருக்குப் போகும்போது இவற்றை ஆவணப்படமாக எடுத்து வருகிறேன். இதுவரை 30 மணி நேரக் காட்சிகள் சேர்ந்திருக்கின்றன. ஆனால் கேமராவைக் கையில் எடுத்தவுடன் அம்மா வீட்டை ஒதுங்க வைக்கத் தொடங்கிவிடுகிறார். உள்ளதை உள்ளபடி எடுக்கவே முடியவில்லை. ‘குப்பையைப் படம் பிடித்துக் குடும்ப மானத்தை வாங்குகிறாய்’ என்று அண்ணன் கோபிக்கிறார். வீட்டைக் காலி செய்து இடித்துக் கட்ட வேண்டும் என்பது அவருடைய, மதினியுடைய எண்ணம். அம்மாவைச் சும்மா இருக்கச் சொல்லலாமா? இந்தக் காட்சிகளைப் படமாக்குவது எப்படி? வெளியே திரையிடலாமா?
– ஒரு வாசகி, சென்னை

அன்புள்ள வாசகிக்கு,

அம்மாவைச் சும்மா இருக்கச் சொல்ல வேண்டாம். கேமரா வருவதற்கு முன்பு ‘உள்ளபடி’ ஒரு வீடு இருந்தது, அம்மா அதைக் கலைத்துவிடுகிறார் என்று நீங்கள் நினைக்கிறீர்கள். தபால்காரர் வந்தாலும், சம்பந்தி வீட்டார் வந்தாலும், கேஸ் சிலிண்டர் போடுபவர் வந்தாலும் அவர் இதைத்தான் செய்திருப்பார். முன்பக்கத் தார்சாவில் கிடக்கும் துணியை அள்ளி உள்ளே போடுவதும், கட்டிலுக்கு அடியில் சாக்கைத் தள்ளுவதும், ஈயச்சொம்பைத் துடைத்து முன்னால் வைப்பதும் அந்த வீட்டின் அன்றாடத்தில் சேர்ந்தவையே. அடுத்த முறை ஊருக்குப் போகும்போது அவர் எழுவதற்கு முன்பே கேமராவை முக்காலியில் நிறுத்திவிட்டு, ‘நீங்கள் ஒதுங்க வையுங்கள், நான் அதைத்தான் எடுக்கிறேன்’ என்று சொல்லிவிட்டு, வேலை முடியும் வரை நிறுத்தாமல் ஓட விடுங்கள். அரை மணி நேரம் ஆனாலும் இடையில் வெட்டாதீர்கள். அவர் முதலில் மறைக்கும் பொருள் எது என்று கவனித்தால் அவருக்கு எதைப் பற்றிக் கூச்சம் என்பது தெரியும். தொடாமல் விட்டுவிடும் பொருளைக் கவனித்தால் எதை அவர் அடைசல் என்றே கருதவில்லை என்பது தெரியும். உங்கள் கண்ணுக்கு இரண்டும் ஒன்றாகத் தோன்றியிருக்கக்கூடும்.

வீட்டு வேலையை அது எடுத்துக்கொள்ளும் நேரத்துக்கே காட்டலாம் என்பதற்குத் திரைப்பட வரலாற்றில் பெரிய முன்னுதாரணம் உண்டு. பெல்ஜிய இயக்குநர் ஷாந்தல் அக்கர்மான் 1975ல் எடுத்த ‘ழான் டீல்மான்’ படம் 201 நிமிடங்கள் ஓடும். ஒரு விதவைத் தாய் உருளைக்கிழங்கு தோலுரிப்பதையும் பாத்திரம் கழுவுவதையும் அசையாத கேமரா பொறுமையாகப் பார்த்துக்கொண்டிருக்கும். அது கதைப்படம்தான், ஆவணப்படம் அன்று. ஆனாலும் அதே அக்கர்மான் தம் கடைசிப் படத்தில், பிரஸ்ஸல்ஸ் அடுக்குமாடி வீட்டில் வாழ்ந்த தம் சொந்தத் தாயைச் சிறிய டிஜிட்டல் கேமராக்களால் படம் பிடித்தார் என்பதை உங்களுக்கு நினைவூட்ட விரும்புகிறேன். தாயும் மகளும் சமையலறை மேசையில் உட்கார்ந்து பேசுவதும், ஆளில்லாத அறையில் கேமரா காத்துக் கிடப்பதுமாகவே அதன் பெரும்பகுதி செல்கிறது.

இங்கே என் தவறு ஒன்றையும் சொல்லிவிடுகிறேன். முதன்முதலாக என் பாட்டியின் அடுக்களையைப் படம் எடுத்தபோது, சட்டகம் அழகாக அமைய வேண்டும் என்பதற்காக அடுப்பு மேடையில் இருந்த நாலைந்து டப்பாக்களை நானே எடுத்துப் பரணில் வைத்துவிட்டேன். படப்பிடிப்பு முடிந்து இரண்டு நாள் கழித்து, வெந்தயம் எங்கே என்று பாட்டி தேடிக்கொண்டிருந்தார். அவருக்குக் கண் பார்வை ஏற்கெனவே மங்கியிருந்தது. பொருள் இருக்கும் இடத்தைக் கை மட்டுமே அறிந்திருந்தது என்பது எனக்கு அப்போதுதான் விளங்கியது. அன்றிலிருந்து, எடுக்கப் போகும் வீட்டில் எந்தப் பொருளையும் என் கையால் நகர்த்துவதில்லை. நீங்களும் நகர்த்தாதீர்கள். அம்மா நகர்த்தலாம், வீடு அவருடையது.

உங்கள் கேள்வியில் எனக்கு உறுத்தியது வேறொன்று. 30 மணி நேரக் காட்சிகளில் எவ்வளவு, அரங்கு வீட்டுக் குவியலைத் தூரத்திலிருந்து காட்டுபவை என்று எண்ணிப் பாருங்கள். புதிதாக எடுப்பவர்கள் எல்லாருமே கதவருகே நின்று குவியலை எடுக்கிறார்கள். எடுப்பதற்கு எளிது, பார்ப்பவருக்கு முதல் பத்து வினாடி வியப்பாகவும் இருக்கும். பிறகு எல்லாக் குவியலும் ஒன்றுபோலத்தான் தெரியும். பாட்டிலும் பானையும் குடையும் தனித்தனி வரலாறு உடையவை என்பது அந்தத் தூரத்தில் கரைந்து, ‘எவ்வளவு சாமான் பாருங்கள்’ என்ற ஒரே செய்தி மிஞ்சுகிறது. உங்கள் அண்ணன் அதைக் குப்பை என்கிறார் என்றால், குற்றம் முழுவதும் அவருடையது அன்று. நீங்கள் கேமராவை வைத்த இடமும் அதைத்தான் சொல்லியிருக்கிறது.

அதற்குப் பதிலாக அம்மாவிடம் ஒரே ஒரு பொருளைக் கேளுங்கள். ‘அந்தச் சின்ன முறுக்கு அச்சு எங்கே இருக்கிறது?’ என்று கேட்டுவிட்டு, அவர் எழுந்து போகும் வழியை மட்டும் பின்தொடருங்கள். சாவி எங்கிருந்து வருகிறது, எந்தச் சாக்கு முதலில் நகர்கிறது, தேடுகிற பொருளுக்கு முன்னால் கைக்கு அகப்படும் வேறு ஐந்து பொருள்கள் எவை, அவற்றில் எதைப் பார்த்ததும் அவர் ஒரு கணம் நிற்கிறார் என்பவையெல்லாம் தாமாகக் காட்சியாகும். இவ்வளவு அடைசலுக்குள்ளும் அவர் இரண்டே நிமிடத்தில் எடுத்துக் கொடுத்தார் என்றால், வெளியாருக்குத் தெரியாத ஓர் ஒழுங்கு அங்கே இருக்கிறது என்பது பார்வையாளருக்கு ஒரு சொல்லும் இல்லாமல் புரியும். கிடைக்கவே இல்லை என்றால் அதுவும் உங்களுக்கு வேண்டிய காட்சிதான்.

பாத்திரங்களை வாசிக்கவும் வேண்டும். எவர்சில்வர் சாமான்களில் பெயர் வெட்டியிருப்பது நம் வீடுகளில் பார்த்துப் பழகியதால் நமக்கு வியப்பூட்டுவதில்லை. திருமணத்துக்கும் சடங்குக்கும் பால் காய்ச்சுக்கும் கொடுத்தவர் பெயர், முதலெழுத்து, சில வேளை தேதி என்று ஒரு குடும்பத்தின் உறவு முழுவதும் அந்த விளிம்புகளில் பொறிக்கப்பட்டுக் கிடக்கிறது. பழைய பாத்திரங்களில் சிற்றுளியும் சுத்தியலும் கொண்டு புள்ளி புள்ளியாக வெட்டியிருப்பார்கள். பிற்காலத்தவை இயந்திரத்தால் ஓடிய மெல்லிய கோடுகள். நேராக விளக்கடித்தால் இந்த எழுத்து கேமராவில் தெரியாது, பாத்திரத்தின் பளபளப்பே எல்லாவற்றையும் விழுங்கிவிடும். அறையை இருட்டாக்கி, ஒரு சிறு டார்ச்சைப் பக்கவாட்டில் தாழ்வாகப் பிடித்தால் ஒவ்வொரு புள்ளியும் நிழலுடன் எழும். அம்மாவை அருகில் உட்கார வைத்து ஒவ்வொரு பெயராகக் கேட்டுக்கொண்டே போங்கள். ‘இவர்கள் கொடுத்ததற்கு நாம் என்ன திருப்பிச் செய்தோம்’ என்பதில் அவருடைய நினைவு தவறவே தவறாது என்று எனக்குத் தோன்றுகிறது.

பித்தளைப் பானைகள் ஏன் உள்ளே போயின என்பதையும் கேளுங்கள். புளிப்பு பட்டால் பித்தளையில் களிம்பு ஏறும் என்பதால் உள்ளே ஈயம் பூசியே சமைப்பார்கள். பூச்சு தேய்ந்ததும் மறுபடி பூச வேண்டும். ‘ஈயம் பூசலையோ’ என்று குரல் கொடுத்துத் தெருவில் வந்தவர் வருவது நின்றபோது, கறுக்காத எவர்சில்வர் அடுக்களையைப் பிடித்துக்கொண்டது. அண்டாக்களின் கதை இன்னொரு விதம். சமையல் ஒப்பந்தக்காரர்கள் தங்கள் பாத்திரத்துடனேயே வரத் தொடங்கும் வரை, ஒரு வீட்டு அண்டா தெருவில் எல்லார் வீட்டுக் கல்யாணத்துக்கும் போய் வந்தது. இரவல் கொடுத்துத் திரும்பி வருவதற்காகவே வாங்கப்பட்ட பொருள், போக இடமில்லாமல் நிற்கிறது. ஹார்லிக்ஸ் பாட்டிலை எடுத்தால் அதனுள் இப்போது என்ன இருக்கிறது என்று எடுங்கள். காலண்டர்த் தாளைத் திருப்பிப் பாருங்கள். பால் கணக்கோ சலவைக் கணக்கோ அப்பாவின் கையெழுத்தில் இருந்தால், அம்மா அந்தத் தாள்களை ஏன் வைத்திருக்கிறார் என்று நான் விளக்க வேண்டியதில்லை.

அப்பா போன பிறகுதான் இது தொடங்கியது என்று ஒரே வரியில் எழுதிவிட்டு அடுத்த செய்திக்குப் போய்விட்டீர்கள். உங்கள் படம் அந்த வரியில்தான் இருக்கிறது என்பது என் கணிப்பு. பெய்ஜிங்கைச் சேர்ந்த சீனக் கலைஞர் சோங் தோங் உங்களைப் போன்ற நிலையில் இருந்தவர். 2002ல் அவருடைய தந்தை இறந்தபின், தட்டுப்பாட்டுக் காலத்தில் எதையும் வீணாக்காமல் வளர்ந்த தாய், வீடு நிறையப் பொருள்களைச் சேர்த்துக்கொண்டே போனார். மகன் அவற்றை அகற்ற முயன்றபோது தாய் இன்னும் துயரப்பட்டார். பிறகு மகன் வேறு வழி கண்டார்: 2005ல் சோப்புக் கட்டிகள், காலியான பற்பசைக் குழாய்கள், மூடிகள், செருப்புகள் என்று 10,000க்கும் மேற்பட்ட அந்தப் பொருள்களைத் தாயுடன் சேர்ந்தே வகை பிரித்து, ஒரு காட்சிக்கூடத்தின் தரை முழுவதும் பரப்பினார். தாய் அங்கே வந்து, பார்க்க வந்தவர்களிடம் பொருள்களைப் பற்றிப் பேசினார். அந்தத் தாய் 2009ல் காலமானார். அதே ஆண்டில் அந்தப் பொருள்கள் நியூயார்க்கின் நவீனக் கலை அருங்காட்சியகத்தில் வைக்கப்பட்டன. நீங்கள் காட்சிக்கூடம் தேட வேண்டும் என்பதற்காக இதைச் சொல்லவில்லை. வகை பிரிக்கும் வேலையைத் தாயிடமே ஒப்படைத்தார் என்பதை மட்டும் கவனியுங்கள். உங்கள் அம்மாவும் ஒரு நாள் கூடமான பட்டாசலில் பாயை விரித்து, அப்பாவின் குடைகளை வரிசையாக வைத்து, எது எந்த ஆண்டு வாங்கியது என்று சொல்லட்டுமே.

அண்ணனைப் பற்றி. அவரைப் படத்தின் எதிராளியாக ஆக்கிவிட வேண்டாம். அது எளிய வழி, அதனாலேயே பலவீனமான வழி. லாஸ் ஏஞ்சலிஸில் உள்ள கலிபோர்னியா பல்கலைக்கழகத்தின் ஆய்வாளர்கள் இந்த நூற்றாண்டின் தொடக்கத்தில், கணவன் மனைவி இருவரும் வேலைக்குப் போகும் 32 நடுத்தரக் குடும்பங்களின் அன்றாட வாழ்வை வீடியோவில் பதிவு செய்தார்கள். அவர்கள் கையாண்ட முறைகளில் ஒன்று எனக்கு மிகவும் பிடித்தது: கேமராவைக் குடும்பத்தினர் கையிலேயே கொடுத்து, வீட்டைச் சுற்றிக் காட்டிக்கொண்டே பேசச் சொன்னார்கள். அந்தப் பேச்சைப் பிறகு ஆராய்ந்து 2010ல் வெளியிட்ட கட்டுரை ஒன்று, வீட்டை ‘அடைசல்’ என்றும் ‘முடியாத வேலை’ என்றும் விவரித்த மனைவியரின் உடலில், மன அழுத்தத்தோடு தொடர்புடைய கார்ட்டிசால் சுரப்பு நாளின் போக்கில் இறங்க வேண்டிய அளவு இறங்கவில்லை என்று காட்டியது. கணவர்களிடம் அந்தத் தொடர்பு அப்படித் தெரியவில்லை. ஒரே வீடு, ஒரே குவியல். அதைச் சுமப்பவர்கள் வேறு வேறு. ஆகவே கேமராவை ஒரு நாள் அம்மா கையிலும், ஒரு நாள் அண்ணன் கையிலும், முடிந்தால் மதினி கையிலும் கொடுத்து அதே அரங்கு வீட்டைச் சுற்றிக் காட்டச் சொல்லுங்கள். மதினியைக் கட்டாயம் கேளுங்கள் என்பேன். அந்த வீட்டுக்கு மருமகளாக வந்து, விருந்தினர் வரும் ஒவ்வொரு முறையும் அங்கே தூசி துடைத்தவர் அவராகவும் இருக்கலாம். மாதம் இருமுறை வந்து போகும் உங்களுக்கு அது கண்ணில் படாமல் போயிருக்கலாம்.

ஓர் எச்சரிக்கையை இடையில் சொல்லியாக வேண்டும். பொருள் சேர்ப்பது ஒரு பழக்கம் என்ற நிலையைத் தாண்டி நோயாவதும் உண்டு. அமெரிக்க மனநல மருத்துவர் சங்கம் 2013ல் வெளியிட்ட கையேடு அதைத் தனியான மனநலக் கோளாறாகவே வகைப்படுத்தியது. படுக்கும் இடத்தில் படுக்க முடியாமலும் சமைக்கும் இடத்தில் சமைக்க முடியாமலும் பொருள்கள் அடைத்துக்கொள்வது, பயனற்ற தாள் ஒன்றைப் பிரிவதற்கும் தாங்க முடியாத வேதனை கொள்வது, தடுக்கி விழவோ தீப்பற்றவோ வாய்ப்பு இருப்பது ஆகியவை நீடித்தால், கேமராவை உள்ளே வைத்துவிட்டு முதலில் மனநல மருத்துவரைப் பாருங்கள். அரசின் டெலி மானஸ் உதவி எண் 14416ல் தமிழிலும் பேசலாம். நீங்கள் எழுதியிருப்பதை மட்டும் வைத்துப் பார்த்தால், அடைசல் அரங்கு வீட்டோடு நிற்கிறது, கேமராவைக் கண்டதும் அம்மா ஒதுங்க வைக்கிறார். ஆகவே இது துக்கத்தின் அளவில் இருப்பதாகவே எனக்குப் படுகிறது. நேரில் பார்க்கிறவர் நீங்கள், முடிவு உங்களுடையது.

தொழில்நுட்பத்தில் உங்களுக்குப் பெரிய குறை இருக்காது என்று நினைக்கிறேன், எனவே சில குறிப்புகள் மட்டும். நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்பதால், குழல்விளக்கு வெளிச்சத்தில் நொடிக்கு 25 சட்டகமும் ஷட்டர் வேகம் 1/50 அல்லது 1/100ம் வைத்தால் திரை துடிக்காது. அம்மா அரிவாள்மனையுடன் தரையில் உட்காரும்போது கேமராவும் தரைக்கு இறங்க வேண்டும். நின்றுகொண்டு எடுத்தால் அவருடைய உச்சந்தலையும் உங்களுடைய உயரமும்தான் பதிவாகும். ஒலிதான் வீட்டுப் படங்களைக் கெடுக்கும். மின்விசிறியை நிறுத்த முடிந்தால் நிறுத்துங்கள். ஒவ்வோர் அறையிலும் யாரும் பேசாமல் ஒரு நிமிடம் வெறும் ஒலியைப் பதிவு செய்யுங்கள், தொகுப்பில் வெட்டுகளை மறைக்க அது உதவும். பின்னணியில் ஓடும் தொலைக்காட்சித் தொடரின் இசையும் பாட்டும் பிறருடைய உரிமை. பேச்சின் மீது அவை ஏறிவிட்டால் பிறகு பிரிக்கப் படாதபாடு பட வேண்டும். காட்சிகளை இரண்டு வன்தட்டுகளில் பிரதி எடுத்து, ஒன்றைச் சென்னையிலும் மற்றொன்றை வேறு வீட்டிலும் வையுங்கள்.

இனி 30 மணி நேரத்தை என்ன செய்வது என்ற கேள்வி. முதலில் ஒரு மாதம் எடுப்பதை நிறுத்திவிட்டு எல்லாவற்றையும் உட்கார்ந்து பாருங்கள். ஒரு நோட்டில் தேதி, இடம், கையில் இருந்த பொருள், அம்மா சொன்ன வாக்கியம் என்று எழுதுங்கள். அலுப்பூட்டும் வேலைதான். ஆனால் எழுதாமல் தொகுக்க உட்கார்ந்தவர்கள் அழகான காட்சிகளை மட்டும் நினைவில் வைத்துக்கொண்டு, வேண்டிய காட்சிகளை இழக்கிறார்கள். பிறகு உங்களுக்கு நீங்களே ஓர் எல்லை போட்டுக்கொள்ளுங்கள். பிரெஞ்சு இயக்குநர் ஆக்னெஸ் வார்தா 1970களின் நடுவில், கைக்குழந்தையை விட்டு வெளியே போக முடியாத நிலையில், தம் வீட்டு மின்சாரத்திலிருந்து 90 மீட்டர் கம்பி இழுத்து, அது எட்டும் தூரத்தில் இருந்த கடைக்காரர்களை மட்டும் படம் எடுத்தார். 2000ல் வெளியான இன்னொரு படத்தில், சிறு கேமராவால் தம் வீட்டுக் கூரையின் ஈரக்கறையையும் முதுமையேறிய தம் கையையும் எடுத்தார். உங்கள் கம்பி அரங்கு வீட்டிலிருந்து அடுக்களை வரை போதும் என்பது என் எண்ணம். ஊர்க் கோயில், தாமிரபரணி, வயல், வானத்திலிருந்து ட்ரோன் காட்சி எதுவும் வேண்டாம்.

திரையிடல் விஷயத்தில் நான் கறாரானவன். அம்மாவின் சம்மதம் ஒரு முறை தலையாட்டியதோடு முடிவதில்லை. எடுக்கும்போது ஒரு சம்மதம், தொகுத்த படத்தை முழுவதும் பார்த்த பின் இன்னொரு சம்மதம். இரண்டாவதில் ‘இது வேண்டாம்’ என்று அவர் சொல்லும் காட்சியை, அது உங்கள் படத்தின் உச்சமாகவே இருந்தாலும், நீக்கிவிட வேண்டும். இந்த வாக்கை இப்போதே அவருக்கும் அண்ணனுக்கும் கொடுத்துவிடுங்கள். அண்ணனுடைய கோபத்தில் பாதி, தன்னைக் கேட்காமல் எங்கோ காட்டிவிடுவாள் என்ற அச்சமாக இருக்கும். ஆதார் அட்டை, வங்கிப் புத்தகம், மாத்திரை அட்டைகள், பிறர் எழுதிய கடிதங்கள், பீரோச் சாவி தொங்கும் இடம் ஆகியவை சட்டகத்தில் விழுந்திருந்தால் மங்கலாக்குங்கள். வீட்டு வேலைக்கு வருபவர் படத்தில் இருந்தால் அவருக்கும் இதே உரிமை உண்டு. எடுப்பதற்காக அவர் நேரத்தை வாங்கினால் கூலி கொடுங்கள். பொதுத் திரையிடலுக்குத் தணிக்கைச் சான்றிதழ் தேவை. திரைப்பட விழாக்கள் அதற்கான விலக்கைத் தாங்களே பெற்றுக்கொள்வது வழக்கம். கேரள அரசின் சலச்சித்திர அகாதெமி திருவனந்தபுரத்தில் நடத்தும் ஆவணப்பட, குறும்பட விழாவும், மும்பை சர்வதேசத் திரைப்பட விழாவும் இப்படிப்பட்ட சிறிய வீட்டுப் படங்களுக்கு ஏற்றவை. ஆனால் முதல் திரையிடல் பட்டாசலில், சுவரில் வேட்டி கட்டி, வீட்டாருக்கு மட்டும் நடக்கட்டும். அண்ணன் எந்த இடத்தில் எழுந்து போகிறார், எந்த இடத்தில் ‘இந்தச் சொம்பு யார் கொடுத்தது?’ என்று கேட்கிறார் என்பதைக் குறித்துக்கொள்ளுங்கள்.

வீட்டை இடிப்பதற்கு நாள் குறித்துவிட்டார்களா என்று நீங்கள் எழுதவில்லை. குறித்துவிட்டார்கள் என்றால் நான் சொன்ன வரிசையைச் சற்று மாற்றிக்கொள்ளுங்கள்: பார்ப்பதும் தொகுப்பதும் காத்திருக்கும், பெயர் வெட்டிய பாத்திரங்கள் காத்திருக்க மாட்டா. எடைக்குப் போட ஆள் வருவதற்கு முன்பு, ஒரு டார்ச்சும் ஒரு நோட்டும் எடுத்துக்கொண்டு இந்தச் சனிக்கிழமையே ஊருக்குப் போய், அம்மாவை அருகில் உட்கார வைத்து, ஒவ்வொரு பெயரையும் அவர் வாயால் சொல்லச் சொல்லிப் பதிவு செய்துவிடுங்கள்.